டிவியின் வலது மூலை

2004 ஆகஸ்ட் 4, புதன்

கடலூரிலிருந்து இன்றும் கடிதம் வரவில்லை. வராது என்று எனக்குத் தெரியும். அப்பாவுக்குத்தான் தெரியாது.

போன வாரம் அங்கே நடந்த வேலை இண்டர்வியூவில் ஆறு கேள்வி கேட்டார்கள். ஆறுக்கும் பதில் தெரியும். ஆறும் தொண்டையிலேயே நின்றுவிட்டன. மேசைக்கு அந்தப் பக்கம் இருந்தவர், "கொஞ்சம் சத்தமா சொல்லும்மா" என்று இரண்டு முறை சொன்னார். மூன்றாவது முறை சொல்லவில்லை. அடுத்த ஆளைக் கூப்பிட்டுவிட்டார். வெளியே பெஞ்சில் காத்திருந்த அப்பாவிடம் "லெட்டர் போடுறேன்னாங்க" என்றேன். எங்கள் வீட்டில் முதன்முதலாகக் காலேஜுக்குப் போனவள் நான். பிசிக்ஸில் எழுபத்தெட்டு சதவீதம். தெரிந்தது வெளியே வராவிட்டால் அந்த எழுபத்தெட்டை வைத்து என்ன செய்வது?

மத்தியானம் ஜைத்தூன் மங்கலம்பேட்டையிலிருந்து பஸ் பிடித்து விருத்தாசலத்துக்கு, எங்கள் வீட்டுக்கு வந்தாள். காலேஜில் மூன்று வருஷமும் என் பக்கத்தில் உட்கார்ந்து எனக்கும் சேர்த்துப் பேசியவள். துணிப்பையிலிருந்து ஒரு டிவி கேம் பெட்டியை எடுத்து வைத்தாள். பழசு. அவள் வீட்டுக்காரரோடு ஷார்ஜாவில் ஒரே ரூமில் இருந்த பிலிப்பைன்ஸ்காரர் ஊருக்குப் போகும்போது கொடுத்ததாம்.

"பெருநாளைக்கு மச்சான் வர்றதுக்குள்ள நான் கார் ஓட்டிப் பழகி அவரைத் தோக்கடிக்கணும் வேலு. எங்க வூட்டு டிவியில போட்டா படம் கருப்பு வெள்ளையா ஓடிக்கினே இருக்குது. டிவி ரிப்பேர் கோதண்டபாணி கடைக்கு எடுத்துப் போனேன். அவரு டிவியிலயும் அப்படித்தான். பொட்டி செத்துப் போச்சுன்னுட்டாரு."

"அவரை வூட்டுக்கு வரச் சொல்லிப் பாக்கறதுதானே?"

"டிவி உள் ரூம்ல இருக்குது. ஆம்பளைங்கள்லாம் கடல் தாண்டி இருக்கச்சொல்ல மாமி உள்ள வுடுவாங்களா? நீ பாரு. நீதான் பிசிக்ஸ் ஆச்சே."

"நீயும் பிசிக்ஸ்தான்டி."

"நான் பரீட்சை எழுதினேன். நீ படிச்ச."

ஆகஸ்ட் 5, வியாழன்

முதலில் பெட்டியைத் திருப்பி அடியில் பார்த்தேன். 220 வோல்ட் என்று போட்டிருந்தது. கரண்ட் விஷயத்தில் பயமில்லை.

மூன்று வயர். மஞ்சள் படத்துக்கு, வெள்ளையும் சிவப்பும் சத்தத்துக்கு. டிவிக்கும் சுவருக்கும் நடுவில் டார்ச்சோடு நுழைந்து மாட்டினேன். கார் உறுமுகிற சத்தம் வந்தது. படமும் வந்தது, ஆனால் கருப்பு வெள்ளையில், நனைந்த புடவையை யாரோ மேலே மேலே உருவுகிற மாதிரி நிற்காமல் ஓடிக்கொண்டு.

அம்மா வேலை விட்டு வந்து பின்னால் நின்று பார்த்தாள். "ஏண்டி, காரு ரோட்ல போவுதா, ரோடு காரு மேல போவுதா?"

ஆகஸ்ட் 6, வெள்ளி

பெட்டி செத்திருந்தால் சத்தம் எப்படி வரும்? டிவி கெட்டிருந்தால் கேபிள் எப்படி ஒழுங்காகத் தெரியும்? இரண்டும் தனித்தனியே நன்றாகத்தான் இருக்கின்றன. சேர்த்தால்தான் சண்டை.

பெட்டியின் அடியில் 220க்குக் கீழே தேய்ந்துபோன எழுத்தில் இன்னொன்று: என்டிஎஸ்சி. இது எனக்குத் தெரியும்! மூன்றாம் வருஷத்தில் பத்து மார்க் கேள்வி. நம் நாட்டு டிவிக்கு 'பிஏஎல்' (பால்) என்ற முறை, நொடிக்கு ஐம்பது தடவை படம் வரையும். அமெரிக்கா, ஜப்பான், பிலிப்பைன்ஸில் என்டிஎஸ்சி, அறுபது தடவை. நிறத்தை அனுப்புகிற விதமும் வேறு. முழுப் பக்கம் எழுதிவிட்டு மறந்துபோன பதில். அது மங்கலம்பேட்டை வழியாக எங்கள் வீட்டுக்கே வந்து உட்கார்ந்திருக்கிறது.

ஆகஸ்ட் 7, சனி

வந்துவிட்டது! கலர்!

எங்கள் டிவியும் வளைகுடாவிலிருந்து வந்த ஒருவரிடம் அப்பா வாங்கியதுதான். வெளிநாட்டு டிவி என்றால் எல்லா முறையும் இருக்க வேண்டுமே, அதை மாற்றுகிற பட்டன் எங்கே என்று காலையிலிருந்து தடவிக்கொண்டிருந்தேன். திரைக்குக் கீழே ஒரு சின்ன மூடி. அது மூடி என்பதே இத்தனை வருஷமாக எங்களுக்குத் தெரியாது. ஒவ்வொரு ஆயுத பூஜைக்கும் அப்பா சரியாக அந்த இடத்தில்தான் சந்தனம் வைத்துக் குங்குமம் இடுவார். ஐந்து வருஷச் சந்தனம் காய்ந்து மூடியைச் சுவர் மாதிரி அடைத்துவிட்டிருந்தது.

அம்மா வேலை செய்வது பீங்கான் பொம்மைக் கம்பெனியில். பொம்மைக்குக் கண் எழுதுகிற வேலை. அவளுடைய பழைய பிரஷ் ஒன்றைத் தண்ணீரில் தொட்டுத் தொட்டுக் கரைத்தேன். உள்ளே ஐந்து பட்டன். 'சிஸ்டம்' என்றிருந்ததை ஒவ்வொரு தடவையாக அமுக்கினேன். நான்காவது அமுக்கலில் படம் நின்றது. அடுத்ததில் சிவப்புக் கார், நீல வானம்.

நான் ஓட்டினேன். முட்டிக்கொண்டது. "தள்ளு, நான் பாக்கறேன்" என்றாள் அம்மா. ஒரு நாளைக்கு நானூறு பொம்மைக்குக் கண் வைக்கிற கை. மூன்றாவது ஆட்டத்திலேயே எல்லாரையும் தாண்டிவிட்டாள்.

ஆகஸ்ட் 9, திங்கள்

சீரியல் கருப்பு வெள்ளையில் வருகிறது என்று வீட்டில் ஒரே ரகளை. சிஸ்டத்தை மாற்றி வைக்க மறந்தது நான்தான். 'ஆட்டோ' என்று ஒன்று இருக்கிறது; அதில் வைத்தால் வருவதைப் பார்த்து டிவியே மாற்றிக்கொள்கிறது. அம்மா இன்னும் முறைக்கிறாள்.

ஆகஸ்ட் 10, செவ்வாய்

அம்மா திருப்பத்தில் உடம்பையும் சேர்த்து வளைக்கிறாள். வயர் இழுபட்டு, டிவி மேல் வைத்த பெட்டி இன்று இரண்டு தடவை விழப்பார்த்தது.

"ஆயா வயசாவப் போவுது, காரு ஓட்டறா பாரு" என்றார் அப்பா.

"உனுக்கு சைக்கிளே ஒழுங்கா வராது. நீ பேசாத" என்றாள் அம்மா.

ராத்திரிச் சாப்பாட்டுக்கு முன் அப்பா கம்பெனியிலிருந்து ஏதோ கனமாகக் கொண்டுவந்து, என் பழைய ஸ்கூல் தாவணியில் சுற்றி, டிவி மேல் வயரை அமுக்கி வைத்தார். "இனிமே இழுத்துப் பாரு, வராது." கேட்காமலே செய்தார். நன்றாக இருந்தது.

ஆகஸ்ட் 11, புதன்

திரையின் வலது மேல் மூலையில் ஒரு கறை. ஊதாவாகவும் ஓரத்தில் பச்சையாகவும். துணியால் துடைத்தேன். கறை கண்ணாடிக்கு உள்ளே இருக்கிறது.

ஆகஸ்ட் 12, வியாழன்

பெட்டியைக் கழற்றிப் பையில் போட்டுவிட்டேன். டிவி மேல் அப்பா வைத்த பொட்டலத்தை எடுக்கவில்லை. கறை போகவில்லை. கேபிளிலும் அப்படியே. செய்தி வாசிப்பவரின் பாதி நெற்றி ஊதா.

அப்பா திட்டவில்லை. திட்டியிருந்தால் பரவாயில்லை. "நல்லாத்தானேம்மா இருந்துச்சு" என்றார். அவ்வளவுதான். வீட்டில் இருக்கிற ஒரே பெரிய பொருள் அந்த டிவி.

எதுக்கு இதைத் தொட்டேன்? கடலூர்ல வாயைத் தொறக்கல, இங்க கையை வச்சுக்கினு சும்மா இருக்கல. படிச்ச பொண்ணு கை வச்சா இப்படித்தான் ஆவும்னு எல்லாரும் சொல்லப் போறாங்க. ஒரு வாரத்துல டிவியைக் கெடுத்துட்டேன்னு — நான்தான் கெடுத்தேனா? அறுபது தடவை வரைஞ்சதால கறை வருமா? வராது. புத்தகத்துல அப்படி இல்ல. ஆனா கறை இருக்குதே.

நாளை மறுநாள் கோதண்டபாணியை வரச் சொல்லியிருக்கிறார் அப்பா. கடலூர் விஷயத்தையும் சொல்லிவிடலாம் என்று இருந்தேன். இப்போது எப்படிச் சொல்வது?

ஆகஸ்ட் 14, சனி

எல்லாவற்றையும் ஒழுங்காக எழுத வேண்டும்.

கோதண்டபாணி காலை பத்து மணிக்கு வந்தார். கண்ணாடியை நெற்றியில் ஏற்றிக்கொண்டு கறையைப் பார்த்தார். "டியூப்பு போயிடுச்சு போலருக்குது பக்கிரி. கடைக்கு எடுத்துப் போயி கழட்டித்தான் பாக்கணும். ஆட்டோ வெளியதான் நிக்குது" என்றார் அப்பாவிடம்.

அப்பா என்னைப் பார்க்காமல் டிவி மேல் இருந்ததை எடுக்க ஆரம்பித்தார். டிவி இன்னும் ஓடிக்கொண்டிருந்தது. விரிப்பு, பொம்மை, கடைசியாக அந்தப் பொட்டலம். இரண்டு கையாலும் தூக்கிக்கொண்டு திரைக்கு முன்னால் குனிந்து தரையில் வைக்கப் போனார். நான் கதவோரம் நின்றேன்.

கறை அவர் கூடவே வந்தது.

வலது மூலையிலிருந்து நடுவுக்கு, நடுவிலிருந்து கீழே, பூனை மாதிரி அவர் கையைத் தொடர்ந்தது. அவர்கள் இருவரும் திரையைப் பார்க்கவில்லை. "அப்பா, நில்லுங்க" என்றேன். யாருக்கும் கேட்கவில்லை. கடலூரிலும் இதே சத்தம்தான். கோதண்டபாணி பிளக்கில் கை வைத்துவிட்டார்.

"அப்பா! அங்கியே நில்லுங்க! அசையாதீங்க! சார், பிளக்கைப் புடுங்காதீங்க!"

அடுப்படியிலிருந்து அம்மா கரண்டியோடு ஓடி வந்தாள். அப்பா போட்டோவுக்கு நிற்கிற மாதிரி பொட்டலத்தோடு குனிந்தபடி நின்றார்.

"டிவி கிட்ட வாங்க. இப்ப தள்ளிப் போங்க. திரும்பக் கிட்ட வாங்க."

கறை கூடியது, குறைந்தது, கூடியது.

"அதுல இன்னா இருக்குதுப்பா?"

"காந்தம்."

அப்பா வேலை செய்கிற பீங்கான் கம்பெனியில் கரைத்த களிமண்ணைக் காந்தக் கட்டைகள் மேல் ஓடவிடுவார்கள். மண்ணில் இருக்கிற இரும்புத்தூள் அதில் ஒட்டிக்கொள்ளும். இல்லாவிட்டால் சூளையில் வெந்ததும் வெள்ளைக் கோப்பையில் பழுப்புப் புள்ளி விழும். ஓரம் உடைந்து கழித்துப்போட்ட கட்டை ஒன்றைத்தான் அப்பா கொண்டுவந்து வைத்திருக்கிறார்.

டியூபுக்குள் எலக்ட்ரான்கள் நேராக வந்து தத்தம் நிறத்தில் விழ வேண்டும், பக்கத்தில் காந்தம் இருந்தால் வழி மாறி வேறு நிறத்தில் விழும் என்று சொன்னேன். நான்தான் சொன்னேன், நின்றுகொண்டு, மூன்று பேருக்கு முன்னால்.

"அடப்பாவி பக்கிரி" என்று கோதண்டபாணி தலையில் கை வைத்தார். "தாவணி கட்டிவுட்டா காந்தம்னு எனுக்கு எப்படிய்யா தெரியும்?"

"கறை எடுக்கறதுக்குன்னே இருக்கிற சாமான் அது" என்றார் அப்பா. "அதுவே கறை போடும்னு நான் எங்க கண்டேன்?"

காந்தத்தைக் கொல்லைக்குக் கொண்டுபோன பிறகும் லேசாக ஒரு நிழல் மிச்சம் இருந்தது. டிவிக்குள்ளேயே அதை எடுக்கிற சுருள் உண்டு, போடுகிற நேரத்தில் மட்டும் வேலை செய்யும், அணைத்து அரைமணி ஆறவிட்டுத் திரும்பப் போடுங்கள் என்றார் கோதண்டபாணி. இது எனக்குத் தெரியாதது. மூன்று தடவை செய்தோம். சாயங்காலம் செய்தி வாசிப்பவருக்கு முழு நெற்றியும் திரும்பக் கிடைத்தது.

டீ குடிக்கும்போது அவரிடம் இன்னொன்றும் சொன்னேன். "ஜைத்தூன் பொட்டி சாவல சார்." சிஸ்டம் பட்டனைக் காட்டினேன். அவர் குனிந்து அந்தச் சின்ன மூடியைத் திறந்து மூடிப் பார்த்தார்.

"என் கடை டிவியில இது கிடையாதே" என்றார். "கடையில இன்னும் மூணு பொட்டிய செத்துப் போச்சுன்னு ஓரங்கட்டி வச்சிருக்கிறனேம்மா."

ஆகஸ்ட் 15, ஞாயிறு

கடலூர் லெட்டர் வராது என்று அப்பாவிடம் சொல்லிவிட்டேன்.

"தெரியும். அன்னிக்கு பஸ்ஸுல உன் மூஞ்சப் பாத்தப்பவே தெரியும்" என்றார். பிறகு, "நேத்து போட்ட பாரு ஒரு சத்தம். அத அங்க போட்டிருந்தீன்னா நாற்காலிய வுட்டு எழுந்திருச்சி வேலையக் குடுத்திருப்பானுங்க."

ஆகஸ்ட் 18, புதன்

கோதண்டபாணி கடை. மூன்று பெட்டியிலும் 'செத்தது' என்று சீட்டு ஒட்டியிருந்தது. ஒன்று நிஜமாகவே செத்தது. இரண்டு உயிரோடு இருக்கின்றன. சத்தம் நன்றாக வருகிறது. மூன்றும் மங்கலம்பேட்டை.

"அந்த வூடுங்கள்ல டிவி எல்லாம் உள் ரூம்லதான்" என்றார். "நான் வாசப்படியோட சரி. இங்கியே போட்டுப் பாத்து இங்கியே தீர்ப்பு எழுதிட்டேன். நீ உள்ள போயிப் பாத்துட்டு வந்து சொல்றியா? வேலையா வச்சுக்கோ. ஒரு ஸ்குரூ டிரைவர் செட்டு தரேன்."

யோசித்துச் சொல்கிறேன் என்று சொல்ல நினைத்தேன். "எந்தத் தெரு சார்?" என்று கேட்டுவிட்டேன்.

ஆகஸ்ட் 22, ஞாயிறு

ஜைத்தூன் வீட்டில் கலர் வந்துவிட்டது. அவள் டிவியில் பட்டன் பக்கவாட்டில். அவள் மாமியார் கதவருகே நாற்காலி போட்டு உட்கார்ந்து பார்த்துவிட்டு, "ஷார்ஜாவுலேர்ந்து வந்த பொட்டிக்கு விருத்தாசலத்துலேர்ந்து வரவேண்டியிருக்குது வைத்தியத்துக்கு" என்றார். ஜைத்தூன் முதல் திருப்பத்திலேயே முட்டிக்கொண்டாள். அம்மாவை அனுப்பட்டுமா பாடம் எடுக்க என்று கேட்டேன். தலையணையால் அடித்தாள்.

ஆகஸ்ட் 30, திங்கள்

பிழைத்த இரண்டில் ஒன்றுக்கு உரியவர்கள் சென்னைக்குப் போய்விட்டார்கள். அவர்கள் வரும்வரை அது எங்கள் வீட்டில் இருக்கட்டும் என்றார் கோதண்டபாணி. அம்மா தினமும் அதை "டெஸ்ட் பண்ணுகிறாள்". அப்பாவுக்கு வரிசையில் இரண்டாவது இடம்.

செப்டம்பர் 26, ஞாயிறு

மங்கலம்பேட்டை, கடைத்தெருவுக்குப் பின்னால் ஒரு வீடு. இது ஏழாவது. யாரையும் முன்பின் தெரியாது. பஸ்ஸிலிருந்து இறங்கி மூன்று பேரிடம் வழி கேட்டுப் போனேன்.

கேம், கேபிள் எது போட்டாலும் திரையின் இடது கீழ் மூலையில் கறை என்றார்கள். செருப்பைக் கழற்றும்போதே கேட்டேன்: "டிவி பக்கத்துல இன்னா வச்சிருக்கீங்க?" ஒன்றுமில்லை என்றார்கள். திரைச்சீலையை விலக்கினால், துபாயிலிருந்து வந்த ஸ்பீக்கர், இடுப்பு உயரம். பெரிய காந்தம் உள்ள சாதனம். அதை அங்கே வைத்தது கறை வருவதற்கு முன்பா பிறகா என்று அவர்களுக்குள் ஒரு விவாதம். நகர்த்தினோம். அணைத்தோம். அரைமணி ஆறட்டும் என்று உட்கார்ந்த நேரத்தில் டியூப், எலக்ட்ரான், ஐம்பது, அறுபது, அப்பாவின் பீங்கான் கம்பெனி, தாவணி என்று எல்லாவற்றையும் சொல்லிக்கொண்டிருந்தேன்.

அந்த வீட்டின் வயதான அம்மா, வெற்றிலையை மடித்துக்கொண்டிருந்தவர், என் கைமேல் கையை வைத்தார்.

"கொஞ்சம் மெதுவாப் பேசும்மா. நான் ஒவ்வொண்ணாக் கேட்டுக்கிறேன்."

சட்டென்று நிறுத்தினேன். என்னிடம் இப்படி யாரும் சொன்னதில்லை.

பிறகு முதலிலிருந்து, மெதுவாகச் சொன்னேன்.