பால்கனிக் கம்பி மேலேயா கீழேயா

அன்பு மகளுக்கு அம்மா எழுதுவது. நானும் அப்பாவும் சுகமாகவே இருக்கிறோம், நீயும் மாப்பிள்ளையும் உடம்பும் மனசும் நன்றாக இருந்தால் அதுவே எங்களுக்குப் போதும். போனில் சொன்னால் நீ கத்துவாய், நான் அழுவேன், விஷயம் பாதியில் நின்றுவிடும், அதனால்தான் எழுதுகிறேன். நம் வீட்டில் கட்டுகிற மாடிக்கு இன்ஜினியரான நீ போட்டு அனுப்பிய வரைபடத்தில் அறைத் தளத்துக்குக் கம்பி அடியில், பால்கனிக்கு மட்டும் மேலே என்று இருந்தது. எனக்குத் தலை சுற்றியது. ஒரே கான்கிரீட், ஒரே கம்பி, அதெப்படி அறைக்குள் கீழே, கதவைத் தாண்டினால் மேலே? வேலை அவசரத்தில் தப்பாகப் போட்டுவிட்டாய், மேஸ்திரிக்குத் தெரிந்தால் உன் மானம் போகும் என்று நானே நினைத்துக்கொண்டு, கம்பி கட்டுகிறவரிடம் கீழே இறக்கிக் கட்டச் சொன்னேன். அவர், "பாப்பாவே சொன்னாங்களாம்மா?" என்று இரண்டு தடவை கேட்டார். ஆமாம், நேற்றுதான் போனில் சொன்னாள் என்று வாய் கூசாமல் சொல்லிவிட்டேன். மறுநாளே கான்கிரீட்டும் போட்டாகிவிட்டது.

அப்புறம் மனசு கேட்காமல் நீ அலமாரியில் விட்டுப்போன கட்டட விதிப் புத்தகத்தை எடுத்தேன். அம்மாடி, இந்த விதிக்கு அந்த விதியைப் பார் என்கிறது, அங்கே போனால் அட்டவணையைப் பார் என்கிறது, ஆபீஸில் ஜன்னல் ஜன்னலாக அலைய விட்ட மாதிரி இருந்தது. ஒரு பக்கம் மட்டும் பிடிமானம் உள்ள தளத்துக்கு இழுவை மேல்பக்கம் என்று ஓரத்தில் நீ பென்சிலால் எழுதியிருந்தாய். மேஸ்திரியைக் கேட்டால், "எதுக்கும்மா மனசைப் போட்டு ஒழப்பிக்கிறீங்க" என்கிறார். கடைசியில் ஒரு ரொட்டித் துண்டை மேசை விளிம்பில் பாதி வெளியே நீட்டி, உள்பக்கத்தை உன் புத்தகத்தாலேயே அமுக்கி, நுனியை அழுத்திப் பார்த்தேன். மேல்பக்கம்தான் பிளந்தது, பிளக்கிற பக்கத்தில்தானே பிடித்து நிறுத்தக் கம்பி வேண்டும். லீவுக்கு வந்தால் உன் தங்கை குழந்தைகள் அங்கேதானே குதிக்கும்!

இன்று பால்கனிக்கு அடியில் தாங்கி நிற்கும் முட்டுக் கம்புகளைப் பிரிக்க வந்தவர்களை, கம்பி தப்பாக இருக்கிறது என்று தடுத்துவிட்டேன், மேலே யாரும் அந்தப் பக்கம் போகாமல் கயிறும் கட்டியாயிற்று. படித்த பெண் போட்ட கணக்கு இவ்வளவுதானா என்று மேஸ்திரி சிரித்தார். எனக்குச் சுரீர் என்றது. அவள் சரியாகத்தான் போட்டாள், நான்தான் அவள் பேரைச் சொல்லிப் பொய் சொன்னேன் என்று எல்லார் முன்னாலும் சொல்லிவிட்டேன். இடிக்கத்தான் வேண்டுமா, வேறு வழி உண்டா, எனக்கு ஒன்றும் புரியவில்லை. திட்டுவதானால் திட்டிவிட்டு உடனே எழுது, அதுவரை முட்டு நிற்கும். நீ எழுதுகிறபடியே செய்கிறேன், புரிந்தாலும் புரியாவிட்டாலும்.

தீர்க்காயுசாக இரு, நேரத்துக்குச் சாப்பிடு.

உன்னை நம்பாமல் போன
அம்மா