ஒரே பெயரில் மூன்று பேர்

ஜூன் 2, திங்கள்

காலையிலிருந்து காற்று. கூரைத் தகரம் ஓயாமல் தடதடக்கிறது. கரண்ட் இரண்டு முறை போய் வந்தது.

வேலை: அடுத்த ஆண்டுக்கான கருவிச் செலவு மதிப்பீடு. நிரல் எழுத, சேர்த்து வைக்க, சோதிக்க, ஓட்ட. எல்லாமே இணையத்தில் வாடகைக்கு. எதுவும் நம்முடையதல்ல. வாடகை நின்றால் கதவு மூடும்.

மாதேஷ் கேட்டது. "ஆறு பேருக்குப் போடு சுகு."

இருப்பது மூன்று பேர். அவன், ரியாஸ், நான். ஒரே கல்லூரி, ஒரே பஸ், இப்போது ஒரே அறை. காரிமங்கலத்தில் ரியாஸ் அப்பாவின் பாத்திரக் கடைக்கு மேல்மாடி. வாடகை இல்லை. கடையில் கூட்டம் சேர்ந்தால் ரியாஸ் இறங்கிப் போய்க் குக்கர் விற்க வேண்டும், அவ்வளவுதான்.

"மத்த மூணு பேரு யாரு?"

"வருவாங்க. பெருசாவப் போறோம்ல."

சந்தோஷமாக இருந்தது. மறைக்காமல் எழுதிவைக்கிறேன். சந்தோஷமாக இருந்தது.

ஜூன் 3, செவ்வாய்

சந்தை நாள். பஸ் ஸ்டாண்டிலிருந்து அறை வரைக்கும் கோழிக்கூடைகளுக்கு நடுவே நடை. துப்பட்டாவில் இறகு. மாலைதான் பார்த்தேன்.

முதல் வரைவு:

நிரல் சேமிப்பகம் – தலைக்கு இவ்வளவு. அவர்கள் பாஷையில் 'சீட்'. ஆள் உட்காராவிட்டாலும் சீட்டுக்குக் காசு.

எழுத உதவும் ஏ.ஐ. – தலைக்கு. அளவு தாண்டினால் தனி. அளவு என்னவென்று எங்கேயும் நேராகச் சொல்லவில்லை.

திரை வடிவமைப்பு – மூன்று பேர் வரை இலவசம். நான்காவது ஆள் வந்தால் நால்வருக்கும் காசு.

சர்வர் – ஓடும் நேரத்துக்கு. இதுதான் கஷ்டம்.

வரி, டாலர் ஏற்றம் – தனியாக. போன முறை இதை மறந்தேன்.

சர்வருக்கு மாதச் சராசரி போட்டால் பொய்யாகிறது. எங்கள் ஒரே வாடிக்கையாளர் பாலக்கோட்டுத் தக்காளி மண்டி. கோவிந்தண்ணன் மண்டி. விவசாயிகள் தக்காளி கொண்டுவரும் பிளாஸ்டிக் பெட்டிகள் மண்டிக்குச் சொந்தம். யாரிடம் எத்தனை பெட்டி, யார் திருப்பித் தந்தார்கள் என்பதுதான் எங்கள் ஆப். வரத்து கூடினால் பெட்டி கூடும், சர்வர் பில்லும் கூடும். தக்காளி ஆற்றில் கொட்டுகிற விலைக்கு விழும் மாதத்தில்தான் எங்கள் செலவு உச்சம். ஆகவே மாதக் கணக்கை விட்டுவிட்டு வரத்துக் கணக்குப் போட்டேன். யாரும் சொல்லித் தந்ததில்லை இது. கொஞ்சம் கர்வம்.

ரி. எட்டிப் பார்த்தான். "இதெல்லாம் காசு குடுத்தா வாங்குவாங்க? எங்கப்பா பேர்ல, எங்க வூட்டுப் பூனை பேர்ல எல்லாம் இலவச அக்கவுண்ட் தொறந்தாச்சு. பூனைக்கு இன்னும் நாலு நாள் இருக்குது."

"பூனைக்கு ஓடிபி எப்படி வந்துது?"

"அது என் நம்பர் வெச்சிருக்குது."

மா. சிரிக்கவில்லை. போன் பார்த்துக்கொண்டிருந்தான்.

ஜூன் 5, வியாழன்

புழுக்கம். மழை வருவது போல் வந்து கிருஷ்ணகிரிப் பக்கம் போய்விட்டது.

மா. ஓசூரில். யாரையோ பார்க்க. போனில்: "மூணுல ஒரு பங்கு கொறைக்கணும் சுகு. அவங்களுக்கு ரொம்ப அதிகமாத் தெரியுது."

"யாருக்கு?"

"அதான், போடப் போறவங்களுக்கு."

முதலீடு என்று எடுத்துக்கொண்டேன்.

குறைத்தேன். வடிவமைப்பில் மூன்று பேர் போதும். சோதனை சர்வரை மாலை ஆறுக்கு நிறுத்தலாம். ஒன்றை மட்டும் தொடவில்லை: இரவு வேலை. காலிப் பெட்டிகளை விவசாயிகள் நேரில் கொண்டுவருவதில்லை, டெம்போக்காரரிடம் கொடுத்துவிடுகிறார்கள். பெட்டி டெம்போக்காரர் பெயரில் ஏறுகிறது. இரவில் ஒரு சின்ன நிரல் ஓடி அதை அந்தந்த விவசாயியின் பெயருக்கு மாற்றும். அது ஓடாவிட்டால் காலையில் திருப்பித் தந்தவர்கள் எல்லாரும் தராதவர்கள்.

மா.வுக்கு அனுப்பினேன். "இரவு வேலை கட்டாயம்" என்று குறிப்புடன்.

அம்மா: "இன்னும் எத்தன நாளைக்கு அந்தக் கடை மேல உக்காந்திருப்ப? சம்பளம்னு ஒண்ணு வருமா வராதா?"

"ஆறு பேரு ஆவறோம்மா."

"ஆறு பேருக்கும் சம்பளம் வராதா?"

ஜூன் 9, திங்கள்

மதிப்பீடு முடிந்தது. மா. நேரில் வந்து வாங்கிக்கொண்டான். புதுச் சட்டை.

நான் ஒன்றை வற்புறுத்தினேன். ஆறு சீட், ஆறு பெயர். போன ஆண்டைப் போல் இல்லை. போன ஆண்டு பணம் இல்லாதபோது ஒரே சீட் வாங்கினோம், மா. பெயரில். மூன்று பேரும் அதன் வழியாகவே உள்ளே போனோம். யோசனை என்னுடையது. வீட்டில் ஒரே ஹாட்ஸ்பாட்டில் நான்கு போன் ஓடுவது போல. மூன்றில் இரண்டு பங்கு மிச்சம் என்று அப்போது துள்ளினேன். யார் எழுதினாலும் திரையில் 'மாதேஷ்' என்று விழும். 'மாதேஷ் தூங்கறதே இல்லைன்னு கம்பெனிக்காரன் நெனச்சிக்குவான்' என்று ரி. சொல்லிச் சிரிப்பான். நானும் சிரித்தேன். ஓராண்டு.

இனி ஆளுக்கொரு பெயர். தாளில் எழுதிப் பார்த்தேன். மாதேஷ். சுகன்யா. ரியாஸ். கீழே மூன்று வெற்றுக் கோடுகள். தருமபுரிக் கல்லூரியிலிருந்து இரண்டு பெண்களையாவது எடுக்க வேண்டும்.

மா. கோப்பைத் திறந்து மேலும் கீழும் உருட்டினான். "சூப்பர் சுகு. அப்படியே குடுத்துடலாம்."

போகும்போது மாடிப்படியில் நின்று அறையைத் திரும்பிப் பார்த்தான். சார்ஜரை மறந்துவிட்டான் போலும் என்று நினைத்தேன். இல்லை, எடுத்துக்கொண்டான்.

ஜூன் 11, புதன்

நிரல் சேமிப்பகத்துக்குள் போக முடியவில்லை.

கடவுச்சொல் தவறு. மறுபடி. தவறு. நான் வைத்த கடவுச்சொல். ரி. அடித்தான். தவறு.

"கம்பெனிக்காரன் கண்டுபிடிச்சிட்டானா, மூணு பேர்னு?"

மா.வுக்கு அடித்தேன். எடுக்கவில்லை. பதினொன்றுக்கு அவன் ஸ்டேட்டஸில் ஒரு படம். ஓசூர், கண்ணாடிக் கதவு, சந்தனம், எலுமிச்சம்பழம். உள்ளே புது மேசைகள். உட்கார்ந்திருப்பவர்கள் ஐந்து பேர். எண்ணத் தேவையே இல்லை, தெரிந்துவிட்டது. ஆறாவது ஆள் படம் எடுக்கிறான்.

என் மதிப்பீடு. நான் இல்லாத அறைக்கு.

ரி. கீழே போய் அப்பாவின் போனிலிருந்து மா.வுக்கு அடித்தான். எடுத்தான். கடையில் கூட்டம். எவர்சில்வர் சத்தத்துக்கு நடுவே ரி. கத்தினான். "அஞ்சு மண்டி சேந்து எடுக்கறாங்களா? எங்களுக்கு ஏண்டா சொல்லல? ... யாரு, உன் மச்சானா போடறாரு? ... டேய், எங்க வூட்டு மாடிடா அது!"

வாடிக்கையாளர் ஒருத்தர் தவலையைக் கீழே வைத்துவிட்டுப் பார்த்தார்.

தெரிந்தது இவ்வளவு. பாலக்கோட்டில் ஐந்து மண்டிகள் சேர்ந்து எங்கள் ஆப்பை எடுக்கின்றன. கோவிந்தண்ணன் பேசி முடித்தது. ஒப்பந்தம் மா.வின் பெயரில் மட்டும். திங்கள் மதியம் கையெழுத்து.

ஜூன் 12, வியாழன்

அவனே கூப்பிட்டான். குரல் மெலிதாக, ஆஸ்பத்திரியில் பேசுகிறவர்கள் போல.

"ஏமாத்தணும்னு இல்ல சுகு. மச்சான் பணம் போடறாரு, அவரு பசங்கள வெச்சிக்கணும்ங்கறாரு. நான் என்ன பண்றது?"

"பெட்டிக் கணக்கு நான் எழுதினது."

"இல்லைங்கல."

"இரவு வேலை நான் எழுதினது. டெம்போ பக்கம் முழுக்க நான். நீ எழுதினது லாகின் பக்கம்."

"இல்லைங்கலியே. ஆனா அவங்க பாத்தாங்க. வரிக்கு வரி என் பேருதான் இருக்குது. நானா போட்டேன்? ஒரு சீட்டு போதும்னு கணக்குப் போட்டது யாரு?"

கணக்குப் போட்டது நான்தான். 

பிறகு அவனே: "ஏழாவதா நீ வா. மச்சான்கிட்ட பேசறேன். சம்பளம் நல்லா வாங்கித் தரேன்."

வைத்துவிட்டேன்.

கோபம் வரும் என்று காத்திருந்தேன். வரவில்லை. வந்தது வேறு ஏதோ. பழைய குழுப்படத்தில் நம் முகம் இருக்க வேண்டிய இடத்தில் தூண் நிற்பது போல.

ஜூன் 14, சனி

மழை, ஒருவழியாக. மாடியில் ஒழுகல். ரி. புது அண்டா ஒன்றைக் கொண்டுவந்து வைத்தான். விற்பனைக்கு இருந்தது.

எது என்னுடையது என்று எப்படிக் காட்டுவது? யோசித்தவை:

நிரலுக்குள் நான் தமிழில் எழுதிய குறிப்புகள். 'இந்த இடம் பஞ்சப்பள்ளி டெம்போவுக்காக' என்றெல்லாம். ஆனால் உள்ளே போய்க் காட்ட முடியாது.

என் லேப்டாப்பில் பழைய பிரதி. அதிலும் மாதேஷ் என்றே.

ரி. சாட்சி. "நான் சொல்றேன் வா. ஆனா என்னை யாரு நம்புவாங்க, நான் பூனை பேர்ல அக்கவுண்ட் தொறக்கறவன்." சிரிக்க முயன்றான். அவன் ஓராண்டும் போனது என்பதை அப்போதுதான் நினைத்தேன். என்னையே நினைத்துக்கொண்டிருந்திருக்கிறேன்.

முடிவு: திங்கள் காலை மண்டிக்குப் போவது. கையெழுத்துக்கு முன்னால் கோவிந்தண்ணனிடம் நேரில் சொல்வது. பணம் கேட்கப் போவதில்லை. பெயர். ஒப்பந்தத்தில் மூன்று பெயர். அவ்வளவு.

பேச வேண்டியதை எழுதிப் பார்த்தேன். எழுதினால் மனு போல இருக்கிறது. அடித்துவிட்டேன்.

ஜூன் 15, ஞாயிறு

எதுவும் இல்லை. அம்மா மாம்பழம் நறுக்கிவைத்தாள். சாப்பிடவில்லை என்று திட்டினாள். சாப்பிட்டேன்.

ஜூன் 16, திங்கள்

காலை பஸ். பாலக்கோடு. தூறல். ரி. வரவில்லை, கடையில் கல்யாணச் சீர்வரிசை ஆர்டர்.

மண்டியில் கால் வைக்க இடமில்லை. நசுங்கிய தக்காளி, சேறு, சிவப்பு எது மண் எது என்று தெரியாமல். விலை விழுந்திருக்கிறது. எல்லார் முகத்திலும் அது.

கோவிந்தண்ணன் கல்லாவில். "வாம்மா சுகன்யா! மாதேஷு வரல? மத்தியானம் வரேன்னாப்ல."

"நான் ஒண்ணு சொல்லணுங்கண்ணா. அந்த ஆப்பு—"

"இரும்மா இரு, ஒரே நிமிஷம்."

கல்லா முன்னால் ஒரு அம்மா. பஞ்சப்பள்ளிக்காரர். தலையில் சாக்கு மடித்துப் போட்டிருந்தார். கணக்குப்பிள்ளை போனைப் பார்த்துச் சொல்கிறார்: "உங்க பேர்ல பெட்டி வரலீங்க. தக்காளிக் காசுல, திரும்பாத பெட்டிக்குக் காசு புடிச்சிட்டுத்தான் தருவோம்."

"முந்தாநேத்தே அனுப்பிட்டனே! டெம்போக்காரன் முன்னாலதான் நிக்கறான், கேளுங்க. விக்கற வெலைக்குப் பெட்டிக் காசும் புடிச்சா நான் சாக்கத்தான் எடுத்துக்கிட்டுப் போவணும்."

"ஆப்புல வரலீங்க, நான் என்ன பண்றது?"

அவருக்குப் பின்னால் இன்னும் நிறையப் பேர். எல்லாருக்கும் அதே. பெட்டி வரல. பெட்டி வரல. ஒருத்தர்: "போன வாரம் வரைக்கும் சரியாத்தானே இருந்துது? யாரு கைய வெச்சது?"

பார்த்ததும் புரிந்தது. எல்லாப் பெட்டியும் டெம்போக்காரர்கள் பெயரில் நிற்கிறது. இரவு வேலை ஓடவில்லை. செலவு குறைக்க நிறுத்தியிருக்கிறார்கள். ஓசூரில் யாரோ என் மதிப்பீட்டைத் திறந்து, என்னவென்று தெரியாத ஒன்றை எடுத்துவிட்டிருக்கிறார்கள்.

கோவிந்தண்ணன் மாதேஷுக்குப் போன் மேல் போன். "எடுக்க மாட்டேங்கறாப்ல."

நான் பெட்டி அடுக்குக்குப் பின்னால் போய் அவனுக்கு அடித்தேன். உடனே எடுத்தான். மூச்சு வாங்கினான்.

"சுகு, நீ மண்டியிலயா இருக்க? என்னாச்சுன்னே தெரியல, இங்க எவனுக்கும் புரியல—"

"எனக்குப் புரியுது."

"சொல்லு, சொல்லு."

"ஒப்பந்தத்துல மூணு பேரு."

"சரி. பண்ணிடலாம். மொதல்ல சொல்லு சுகு."

பொய். அவன் குரலில் தெரிந்தது. அடுக்கு இடுக்கு வழியாகப் பார்த்தேன். பஞ்சப்பள்ளி அம்மா இன்னும் நகரவில்லை. கணக்குப்பிள்ளை அவரைத் தாண்டி அடுத்த ஆளைக் கூப்பிடுகிறார். ரூபாய் நோட்டை எண்ணாமல் கையிலேயே வைத்திருந்தார், அந்த அம்மா. வாங்கிக்கொண்டால் ஒப்புக்கொண்டதாகிவிடும் என்பது போல, கை நீட்டியபடி.

சொன்னேன். எங்கே போக வேண்டும், எதை மறுபடி ஓட விட வேண்டும், எந்த நாளிலிருந்து, எந்த வரியில் தேதியை மாற்ற வேண்டும். அவன் தட்டும் சத்தம் கேட்டது. இரண்டு முறை தப்பாகத் தட்டினான், திருத்தினேன். இந்தத் திருத்தமும் அவன் பெயரில் விழும். அது தெரிந்தே சொன்னேன்.

"ஓடுது," என்றான். வைத்துவிட்டான்.

கல்லாவுக்கு வந்தபோது சத்தம் அடங்கியிருந்தது. கணக்குப்பிள்ளை பிடித்த காசைத் திருப்பிக் கொடுத்துக்கொண்டிருந்தார். பஞ்சப்பள்ளி அம்மா எண்ணி, முந்தானையில் முடிந்து, யாரையும் பார்க்காமல் போனார்.

கோவிந்தண்ணனுக்கு முகமெல்லாம் சிரிப்பு. போனை எல்லாருக்கும் காட்டினார். "பாத்தீங்களா, ஓசூர்ல உக்காந்துக்கிட்டே சரி பண்ணிட்டாப்ல! அதான் தம்பிக்கிட்டயே குடுக்கறது." என் பக்கம் திரும்பி: "ஆங், நீ என்னமோ சொல்ல வந்தியேம்மா?"

"அந்த ஆப்பு எழுதினது நானுங்கண்ணா."

என்னை ஒரு முறை முழுசாகப் பார்த்தார். கேலி இல்லை. குழப்பம்தான்.

"அப்ப நீயே சரி பண்ணியிருக்கலாமேம்மா?"