இரண்டு நாட்டு பிஸ்கட்

ஆகஸ்ட் 4, ஞாயிறு

ஆராதனை முடிந்து வந்ததும் படுத்துவிட்டேன். கோயில் படிக்கட்டிலேயே பெண்கள் ஐக்கிய சங்கத்து ஜெபசுதா அக்கா பிடித்துக்கொண்டார். பண்டிகை விற்பனைக்கு இந்தத் தடவை வெளிநாட்டுப் பலகாரமாம்.

"ஒங்க வீட்டுக்கு என்னம்மா கொறச்சல்? சார் எத்தியோப்பியால வாத்தியாரா இருந்தாவ. மக சைனால டாக்டருக்குப் படிச்சா. ரெண்டு நாடு கைல இருக்குல்லா?" பிறகு, "ஜெபிஷாவுக்கு சென்னை ஆஸ்பத்திரி பிடிச்சிருக்கா?"

பிடிச்சிருக்கு என்றேன்.

ஜெபிஷா சென்னையில் இல்லை. எங்கள் வீட்டுப் பின்னறையில் இருக்கிறாள். வெளிநாட்டில் படித்தவர்கள் இங்கே வைத்தியம் பார்க்க எழுத வேண்டிய பரீட்சை, மூன்றாம் முறையும் போய்விட்டது. சென்னையில் வேலை கிடைத்துவிட்டது என்று சபையில் சொன்னவர் என் வீட்டுக்காரர்தான். அன்றிலிருந்து அவள் வாசலைத் தாண்டவில்லை. அப்பாவோடு பேச்சும் இல்லை. ஒன்றரை மாதம்.

ஆகஸ்ட் 7, புதன்

அலுப்பு. வேறொன்றும் எழுதத் தோன்றவில்லை.

ஆகஸ்ட் 9, வெள்ளி

இரண்டு பலகாரம் செய்ய எனக்குத் தெம்பில்லை. ஒரே பிஸ்கட்டில் இரண்டு நாட்டையும் போட்டுவிடலாம் என்று இறங்கினேன். இவருடைய பழைய மாணவர் அனுப்பும் பெர்பெரே பொடி இருந்தது. மிளகாய், வெந்தயம், ஏலம் எல்லாம் வறுத்து அரைத்தது. எத்தியோப்பியாவில் குழம்புக்குப் போடுவது. ஜெபிஷா கொண்டுவந்த சீன மசாலாவும் இருந்தது, அன்னாசிப்பூ வாசம் தூக்கலாக. மைதா, வெண்ணெய், கருப்பட்டி, எள்.

முதல் தட்டு கசந்தது.

இவர் ஒன்றைக் கடித்துவிட்டு, "பொடிய நேரா மாவுல போடக்கூடாது. வெண்ணெயில மெதுவா சூடுகாட்டணும். அங்கன அப்படித்தான் செய்வாவ" என்றார். பின்னறையிலிருந்து ஜெபிஷா குரல்: "அப்பாட்ட சொல்லும்மா, சூட்டோட ஊத்துனா பிஸ்கட் பொலபொலன்னு வராது. ஆறவச்சுத்தான் சேக்கணும். எள்ளையும் வறுக்கல நீ."

காதில் விழும் தூரத்தில்தான் உட்கார்ந்திருந்தார். இருந்தாலும் சொன்னேன். அவர் பதில் சொன்னார். அதையும் கொண்டுபோய்ச் சொன்னேன். நான் யார் இந்த வீட்டில்?

ஆகஸ்ட் 13, செவ்வாய்

கத்திவிட்டேன். "ஒங்க ரெண்டு பேருக்கும் நடுவுல எத்தன நாள் நடக்க? எனக்குக் கால் வலிக்கி. ஒருத்தர் பொய் சொல்லுதாரு, ஒருத்தி ஒளிஞ்சு கெடக்கா, நான் கோயில்ல நின்னு பல்ல இளிக்கணுமாக்கும்!"

மாவை அப்படியே போட்டுவிட்டுப் படுத்தேன். அழுகைகூட வரவில்லை.

கொஞ்ச நேரம் கழித்து அடுப்படியில் பாத்திரச் சத்தம். எழுந்துபோய்ப் பார்த்தால் அவள் மாவை உருட்டுகிறாள். இவர் வெண்ணெய்க் கிண்ணத்தைத் தண்ணீரில் வைத்து ஆற்றுகிறார். ஒரு வார்த்தை பேசவில்லை இருவரும். ஆனால் பிஸ்கட் — முதலில் கருப்பட்டி, அப்புறம் அன்னாசிப்பூ, விழுங்கின பிறகு தொண்டையில் ஒரு காரம். இரண்டு தின்றேன்.

ஆகஸ்ட் 17, சனி

பண்டிகை விற்பனை. எனக்குக் காலையிலிருந்தே காய்ச்சல். இவர் ஒருவரால் எல்லாத் தட்டையும் தூக்க முடியாது. ஜெபிஷா சுடிதார் மாற்றிக்கொண்டு வந்து நின்றாள். "நான் வாரேன்."

இவர் எடுத்த தட்டைத் திரும்பக் கீழே வைத்தார். "ஆட்கள் கேப்பாவளேம்மா..."

"கேக்கட்டும்."

மாத்திரை போட்டுக்கொண்டு நானும் போனேன். ஆட்டோவில் மூவரும் மூன்று பக்கம் பார்த்துக்கொண்டிருந்தோம்.

ஜெபசுதா அக்காதான் முதலில் வந்தார். "ஏளா ஜெபிஷா! லீவுல வந்தியா? எந்த ஆஸ்பத்திரிம்மா?"

அவள் வாய் திறப்பதற்குள் இவர் முன்னால் போய் நின்றார். "ஆஸ்பத்திரியே இல்லக்கா. நான் சொன்னது பொய். அவ இன்னும் பாஸாகல. வெக்கமா இருந்துச்சு, சொல்லிட்டேன். பிள்ள வீட்டுக்குள்ள அடஞ்சு கெடந்தது என்னாலதான்." பக்கத்து மேசைக்காரர்களெல்லாம் திரும்பிப் பார்த்தார்கள்.

ஜெபிஷா அவரைப் பார்க்கவில்லை. அக்காவிடம் தட்டை நீட்டினாள். "எடுத்துக்கோங்க பெரியம்மா. கொஞ்சம் காரமா இருக்கும்."

பாதிக்கு மேல் மீந்துவிட்டது. சின்னப் பிள்ளைகள் கடித்துவிட்டுத் துப்பின.

ஆகஸ்ட் 20, செவ்வாய்

காய்ச்சல் விட்டது. உடம்பு இன்னும் அடித்துப்போட்ட மாதிரிதான்.

பரீட்சையைத் திரும்ப எழுதுவாளா என்று தெரியவில்லை. நாங்கள் கேட்கவில்லை. அப்பாவிடம் "சாப்பிட வாங்க" மட்டும் சொல்கிறாள்.

காலையில் கூடையை எடுத்துக்கொண்டு தனியாக மீன் வாங்கப் போனாள். திரும்பி வந்து செருப்பைக் கழற்றிக்கொண்டே, "வழியில மூணு பேரு கேட்டாங்கம்மா. இன்னும் பாஸாகலன்னு சொல்லிட்டேன்" என்றாள்.

அப்புறம், "சாளை நல்லா இருந்துச்சு. நெறைய வாங்கிட்டேன்."