சுவரில் தொங்கும் ரொட்டி

தங்கச்சிக்கு,

என் போர்க்கால நினைவுகளை எங்கள் ஊர் நூலகத்தார் புத்தகமாகப் போட்டிருக்கிறார்கள். ஒரு பிரதி உனக்கும் அனுப்பியிருக்கிறேன். நாற்பதாம் பக்கத்தில் பனியில் நடந்த கதை வரும். அதற்கு முன் இதைப் படித்துவிடு.

போர் முடிந்து ரயிலிறங்கி நடந்தே ஊருக்குப் போகும் வழியில் உன் வீட்டுக்கு வந்தேன். உன் புருஷன் எர்காஷ் பட்டாளத்துக்குக் கிளம்பிய அன்று ஒரு வாய் கடித்து, மீதியைத் திரும்பி வந்து தின்கிறேன் என்று விட்டுப்போன ரொட்டி சுவரில் தொங்கியது.

“அவரு எங்கண்ணே?” என்றாய்.

“பின்னாடி வர்றான்மா. கால்ல புண்ணு.”

“கால் நல்லா இருந்தப்பவே அந்த மனுஷன் ஆமைதான்” என்று சிரித்தாய்.

நான் இரண்டு தட்டுப் புலாவ் சாப்பிட்டேன்.

“நீ போடா, பின்னாடி வர்றேன்” என்று அவன் சொன்னது உண்மை. பூட்ஸுக்குள் சுற்றியிருந்த கால்துணியைச் சரிசெய்யப் பனியில் உட்கார்ந்தபோது சொன்னான். அந்தப் பனியில் உட்கார்ந்தவர்கள் யாரும் எழுந்ததில்லை என்று எனக்குத் தெரியும். திரும்பிப் பார்த்தால் தூக்கிக்கொண்டு நடக்க வேண்டியிருக்கும். நான் பார்க்கவில்லை.

பட்டாளத்திலிருந்து ‘காணவில்லை’ என்றுதான் உனக்குத் தாள் வந்ததாம். முப்பது வருஷமாக, வெள்ளையடிக்க வருகிறவர்களைக்கூட அந்த ரொட்டியைத் தொட விடுவதில்லையாம். மர்கிலான் சந்தையில் உன் கூடப்பிறந்த அண்ணனின் மகன் சொன்னான். அதை இறக்கிவிடு, தங்கச்சி.

படையிலேயே வேகமாக நடந்தவன் நான்தான் என்று புத்தகத்தில் எழுதியிருக்கிறேன். அது பொய்யில்லை.

இப்படிக்கு,
அவனுக்கு முன்னால் நடந்தவன்