சர்வர் டவுன்

என்டர் பொத்தானில் இன்னும் உங்கள் சுண்ணாம்புக் கறை இருக்கிறது. இன்று காலை கடையைத் திறந்து கீபோர்டைத் துடைத்தபோது பன்னீர்ப் புகையிலை வாசம் வந்தது. புருஷன் நினைப்பில் அழுகை வரும் என்று பார்த்தேன். கோபம்தான் வந்தது. நீங்கள் போய்ச்சேர்ந்து ஒரு சம்பா முடிந்து, குறுவையும் அறுப்புக்கு வந்துவிட்டது. எனக்கு இன்னும் ஆறவில்லை.

நம் கம்ப்யூட்டர் கடைக்கு வந்த சனங்களுக்கு நீங்கள் சொல்லிக்கொடுத்தது ஒரே வார்த்தை. "சர்வர் டவுனும்மா, நாளைக்கு வாங்க." பசித்தால் சர்வர் டவுன். தூக்கம் வந்தால் சர்வர் டவுன். அப்படியென்றால் என்ன என்று யாராவது கேட்டால், "அதெல்லாம் உங்களுக்குப் புரியாது" என்று சிரிப்பீர்கள். திரையைச் சுவர்ப்பக்கமாகவே திருப்பி வைத்திருந்தீர்கள்.

அஞ்சலை அக்கா தன் நிலத்துக்குச் சிட்டா எடுக்க வந்தபோது நான் உங்களுக்கு டீ கொண்டுவந்தேன். திரையில் சீட்டாட்டத்தை விரித்துவைத்துக்கொண்டு அவரிடம் சர்வர் டவுன் என்றீர்கள். சிட்டா இல்லாமல் கொள்முதல் நிலையத்தில் நெல்லை வாங்க மாட்டார்கள் என்று தெரிந்தும் அவரை அலையவிட்டீர்கள். மழை பிடித்துக்கொண்டது. சாலையோரம் குவித்திருந்த நெல் தார்ப்பாய்க்கு அடியிலேயே முளைத்துவிட்டது. ஏன் பொய் சொன்னீர்கள் என்று கேட்டேன். "எல்லாருக்கும் எல்லாம் புரிஞ்சிட்டா நம்மகிட்ட எவன் வருவான்? நீ போய் வேலையப் பாரு" என்றீர்கள். கட்டின பெண்டாட்டி எனக்கும் எதையும் சொல்லித்தரவில்லை.

உங்களுக்குப் பிறகு இந்த நாற்காலியில் உட்கார்ந்தபோது, டவுன்லோடு ஆனது எங்கே போய் உட்காருகிறது என்றுகூட எனக்குத் தெரியாது. வந்தவர் முன்னால் டவுன்லோடு பொத்தானையே திரும்பத் திரும்ப அழுத்திக்கொண்டிருந்தேன். தட்டுத் தடுமாறிக் கற்றேன். கற்றதும் முதல் வேலையாகத் திரையை அவர்கள் பக்கம் திருப்பினேன். இது ஃபைல், அதைப் போட்டுவைக்கிற இடம் ஃபோல்டர் என்று வருகிறவர்களுக்கெல்லாம் சொல்கிறேன்.

இன்று அஞ்சலை அக்கா மறுபடி வந்தார். இன்றைக்கென்று நிஜமாகவே சர்வர் படுத்துவிட்டது.

"அக்கா, சர்வர்னா வேற ஊர்ல இருக்கற பெரிய கம்ப்யூட்டர். எல்லாரோட சிட்டாவும் அதுலதான் இருக்கு. நாம கேட்டா எடுத்து அனுப்பும். இப்ப அது பதில் சொல்ல மாட்டேங்குது. நீங்களே அழுத்திப் பாருங்க."

அவர் விரலைப் பிடித்து அந்தக் கறைப் பொத்தானில் வைத்தேன். திரையில் வட்டம் சுற்றிக்கொண்டே இருந்தது. அவர் திரையைப் பார்க்கவில்லை. என் முகத்தைப் பார்த்தார்.

"அவரும் இதத்தாம்மா சொன்னாரு" என்று பையை மடித்துக்கொண்டு எழுந்து போய்விட்டார்.

கடையை என் தலையில் விட்டுப்போனீர்கள், சரி. நடத்திக்கொள்வேன். நான் உண்மையைச் சொன்னாலும் அது அவர்களுக்கு உங்கள் குரலில் கேட்கிறதே, அதை எதைக்கொண்டு துடைப்பேன்?