அண்ணன் கடைக்கு ஜாமீன்

ஜூன் 3, 2025, செவ்வாய்

மகள் ஜீனத்துக்கு எல்கேஜி புத்தகம் வாங்கப் போனேன். ஃபோனில் பணம் போகவில்லை. மூன்று தடவை அழுத்தினேன். கடைக்காரர் பார்த்த பார்வையில் நான் பாதித் திருடி.

வங்கியில் விசாரித்தால் கணக்கு முடக்கமாம். ஹஸ்ஸான் அண்ணன் பிரியாணிக் கடைக்கு வாங்கிய கடனுக்கு நான் ஜாமீனாம். ஏழு மாதமாகத் தவணை கட்டவில்லையாம். நேற்றுதான் என் பள்ளிக்கூடச் சம்பளம் ஏறியது.

ஜாமீனா? நான் போட்டது சாட்சிக் கையெழுத்துதானே?

ஜூன் 4

அப்படித்தான் அண்ணன் சொன்னான். நிக்காஹ்வுக்குச் சாட்சி போடுற மாதிரிதான், போடும்மா என்று. போட்டேன். பி.காம்., முதல் வகுப்பு.

மாப்பிள்ளை ஓடிப்போனால் நிக்காஹ் சாட்சியா வந்து குடும்பம் நடத்துகிறான்?

ஆசாத்திடம் சொன்னேன். கோபப்படவில்லை. புருஷன் கத்தினாலாவது பதில் சொல்லலாம்.

ஜூன் 7, பக்ரீத்

அண்ணன் கறியோடு வந்தான். கேட்டேன். மழைக்கப்புறம் பார்க்கலாம் என்றான். எந்த மழை? திண்டுக்கல்லிலா? கறி மட்டும் நல்ல கறி.

மாமியாருக்கும் தெரிந்துவிட்டது. "பி.காம். படிச்ச மருமகளாத் தேடிப் பிடிச்சேன்." அவ்வளவுதான் சொன்னார். நாள் முழுக்கச் சொன்னார்.

ஜூன் 9

கோர்ட்டில் சட்ட உதவி மையம். பெண்களுக்குக் காசில்லாமல் வக்கீல் தருவார்களாம். படித்த எனக்குத் தெரியாதது பள்ளி ஆயா ஜக்கம்மாளுக்குத் தெரிந்திருக்கிறது.

வக்கீல் பவித்ரா என்னைவிடச் சின்னவள். படிக்காமல் போட்டாலும் ஜாமீன் ஜாமீன்தான், வங்கி அண்ணனை விட்டுவிட்டு நேராக உங்களிடமே கேட்கலாம் என்றாள். பிறகு பாஸ்புக்கைப் புரட்டினாள்.

"இது யாரு, ஜெய்தூன் பீவி?"

மாமி, ஆசாத்தின் உம்மா. என் சம்பளம் எங்கே போகிறது என்று பார்க்கக் கல்யாணமான புதிதிலேயே தன் பெயரையும் சேர்க்கவைத்தவர்.

"அக்கா, ரெண்டு பேர் கணக்கை ஒருத்தர் கடனுக்காகப் பூட்ட முடியாது." வங்கி நோட்டீசும் தரவில்லை. எழுதிக் கொடுங்க, முப்பது நாளில் சரிசெய்யாவிட்டால் வங்கிக் குறைதீர்ப்பாளரிடம் போகலாம் என்றாள்.

மாமியின் சந்தேகத்துக்கு என் ஸலாம்.

ஜூன் 11

மனுவில் மாமி கையெழுத்தும் வேண்டும். போடுமுன் என்னை இரண்டு தடவை வாசிக்கச் சொன்னார். குத்தல்தான்.

மேனேஜர் பார்க்கிறேன் என்றார். மாமி நாற்காலியை இழுத்துப் போட்டு, "பாருங்க, செத்த நேரம் இருக்கேன்" என்றார். வங்கி சாத்தும்வரை இருந்தார்.

ஜூன் 20

கணக்குத் திறந்தாச்சு. புத்தகமும் வாங்கியாச்சு.

ஆனால் கடன் அப்படியே நிற்கிறது. அடுத்து வங்கி கேஸ் போடுமாம். அதற்குமுன் சட்ட உதவி மையத்தில் அண்ணன் மேல் மனுக் கொடுத்தால், வங்கியையும் கூப்பிட்டுப் பேசித் தீர்க்கலாம் என்கிறாள் பவித்ரா.

கூடப்பிறந்தவன் மேலயா? பெத்த அத்தா உசுரோட இருந்தா என்ன சொல்லுவாக? சொல்லட்டும். எனக்கும் ஒரு பிள்ளை இருக்குல்ல?

ஜூன் 23

கொடுத்துவிட்டேன்.

ஜூலை 24

மனுதாரர் ஹாஃபிஸா, எதிர்மனுதாரர் ஹஸ்ஸான். மையத்து வாசலில் இருவரும் ஒரே பெஞ்சில். "காலைல சாப்டியா?" என்றான். இல்லை என்றேன். அவனும் சாப்பிடவில்லை.

உள்ளே, கடையைக் காலிசெய்து அதன் அட்வான்ஸை வங்கிக்கே தர ஒத்துக்கொண்டான். மீதியை மாதாமாதம் அவனே கட்ட வேண்டும். இரண்டு தவணை தவறினால்தான் வங்கி என்னிடம் வரலாம் என்று எழுதவைத்தாள் பவித்ரா. கையெழுத்துப் போடும்போது அண்ணன் என்னைப் பார்க்கவில்லை.

பஸ்ஸைக் காணோம். எதிர்மனுதாரர் பைக்கில்தான் வீட்டுக்கு வந்தேன். வழியில் பெட்ரோல் பங்கில் நிறுத்திப் பாக்கெட்டைத் தடவினான். எதிர்ச்சுவரில் ஏதோ டைல்ஸ் விளம்பரம். பையைத் திறக்காமல் அதைக் கடைசி வரிவரை வாசித்தேன்.