கென்னத் ஒட்டிய டேப்

சண்டர்லாந்து,
ஞாயிற்றுக்கிழமை

அன்புள்ள மகள் ஹேசலுக்கு, அம்மா எழுதுவது. நானும் அப்பாவும் உடம்பளவில் நலமாக இருக்கிறோம், மனசைப் பற்றி மட்டும் கேட்காதே. நீயும் மாப்பிள்ளையும் குழந்தையும் அந்த ஆஸ்திரேலிய வெயிலில் சுகமாக இருக்க வேண்டும் என்று தினமும் வேண்டிக்கொள்கிறேன். குழந்தையைத் தொப்பி இல்லாமல் வெளியே விடாதே. அப்பாவுக்குக் கப்பல் பட்டறையில் மறுபடியும் பாதி வாரம்தான் வேலை, இருமல் விட்டபாடில்லை, டாக்டரிடம் போங்கள் என்றால் கேட்கிற ஆளா அவர்.

உன் தம்பி விஷயத்தை அங்கே பேப்பரில் பார்த்திருப்பாய். ரிலே ஓட்டத்தில் ட்ரெவர் இரண்டாவது ஆள், கென்னத் மூன்றாவது. இவன் வந்து சேர்வதற்கு முன்பே கென்னத் கிளம்பிவிட்டான், கட்டையைக் கைமாற்ற வேண்டிய எல்லைக்குள் மாற்ற முடியவில்லை, எட்டிக் கொடுக்கப் போய் ட்ரெவருக்குக் குதிகால் நரம்பு அறுந்தது, பதக்கமும் போயிற்று என்றுதான் எல்லாரும் எழுதினார்கள். பள்ளிக்கூடத்தில் இரவல் ஷூவில் ஓடத் தொடங்கி, மாவட்டத்தில் முதலாவதாக வந்து, பிரிட்டன் பனியன் போட்டு ஏழெட்டு வருஷம் ஓடிய பிள்ளை, இப்போது மாவுக்கட்டோடு முன்னறை சோபாவில் கிடக்கிறான். இனி ஓட்டம் கிடையாது, ஒழுங்காக நடந்தாலே பெரிசு என்று டாக்டர் சொல்லிவிட்டார். பெற்ற வயிறு எரிகிறது ஹேசல்.

ஆனால் நடந்தது பேப்பரில் வந்தது இல்லை. போட்டிக்கு முந்தைய வாரமே அவனுக்குக் குதிகால் வீங்கியிருந்தது. உறைந்த பட்டாணிப் பொட்டலத்தை வைத்து ஒத்தடம் கொடுத்தவள் நான். கோச்சிடம் சொல்லு என்றேன். சொன்னா வெளிய காத்துக்கிட்டிருக்கிறவன் என் இடத்துக்கு வந்துடுவாம்மா, வாயத் தொறந்துடாதே என்றான். கட்டை வாங்குகிறவன் தனக்குப் பின்னால் பாதையில் ஒரு டேப் ஒட்டி வைப்பான், வருகிறவன் அதை மிதித்த நொடியில் திரும்பிப் பார்க்காமல் பாய்ந்துவிட வேண்டும், வருகிறவனுடைய வேகத்தை வைத்துத்தான் அதன் தூரம், இதெல்லாம் உனக்கும் தெரிந்ததுதானே. கென்னத் டேப் ஒட்டியது நல்ல காலோடு ஓடுகிற ட்ரெவருக்காக. நொண்டிக்கொண்டு வருகிறவன் அவனை எப்படி எட்டிப் பிடிப்பான்?

பழியெல்லாம் கென்னத் தலையில் விடிந்தது. அணியிலிருந்து எடுத்துவிட்டார்கள். பொரித்த மீன் கடை வரிசையில் நின்ற கென்னத்தைப் பார்த்து ஒருவன், என்னப்பா, மீன் பொரியறதுக்கு முன்னாடியே கெளம்பிடாதே என்று சொல்ல, கடையே சிரித்தது, நானும் அங்கேதான் நின்றேன். செவ்வாய்க்கிழமை அந்தப் பிள்ளை நம் வீட்டுக்கே வந்துவிட்டான். மன்னிச்சுடுடா, ஒன் கால நான்தான் ஒடிச்சேன் என்று ட்ரெவர் முன்னால் நின்று அழுதான். உன் தம்பி என்ன செய்தான் தெரியுமா, அவன் கையைப் பிடித்துக்கொண்டு, விடுடா, யாருக்கும் நடக்கிறதுதான் என்றான். டீயோடு வந்த நான் கோப்பைகளை வைத்துவிட்டு அடுப்படிக்கே திரும்பிவிட்டேன்.

அடுத்த நாள் நான் கென்னத்தின் வீட்டுக்குப் போய் உள்ளதைச் சொன்னேன். அவன் அதிரவே இல்லை. தெரியும் மிசஸ் ராப்சன், ஓட்டத்துக்கு முன்னாடி ஒடம்பச் சூடு பண்றப்பவே அவன் கால இழுக்கிறதப் பாத்துட்டேன், டேப்பக் கொஞ்சம் கிட்ட ஒட்டலாம்னு நெனச்சேன், ஒட்டினா கோச் ஏன்னு கேப்பாரு, அவன ஒக்கார வச்சுடுவாரு, பாவம் அவன் ஓடட்டும்னுதான் பழைய எடத்துலயே விட்டேன், அதனால தப்பு என்னோடதுதான் என்றான். எனக்கு அந்த இடத்திலேயே செத்துவிடலாம் போல இருந்தது.

வீட்டுக்கு வந்து ட்ரெவரிடம் எல்லாவற்றையும் சொல்லி, நீயே கோச்சிடம் பேசு, அந்தப் பிள்ளையாவது இன்னும் ஓடட்டும் என்று கெஞ்சினேன். அவன் சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டு, எனக்குன்னு மிச்சம் இருக்கிறது பேரு ஒண்ணுதாம்மா, அதையும் புடுங்கிடாதே என்றான். பெத்த புள்ளைய நீயே காட்டிக் குடுக்கப் போறியா என்று அப்பா கத்தினார். அன்றிலிருந்து எனக்குச் சாப்பாடு இறங்கவில்லை. நாளைக் காலை முதல் பஸ்ஸில் கோச்சைப் பார்க்கப் போகிறேன்.

கடவுள் உங்கள் மூவரையும் ஒரு குறையும் இல்லாமல் வைத்திருக்கட்டும், குழந்தைக்கு என் முத்தம். பதில் போடும்போது ட்ரெவருக்கென்று தனியாக ஒரு கடிதம் எழுது, மறந்துவிடாதே. இது உன் கைக்குக் கிடைக்கும்போது அவன் என்னோடு பேசுவதை நிறுத்தியிருப்பான்.

உன் அம்மா,
மேவிஸ்